48 மணி நேரத்துக்குப் பின் என்ன?

நமது செங்கற்பட்டு ஜில்லாவைச் சேர்ந்த மேல்மருவத்தூரில் 2021-ஆம் வருஷம் டிசம்பர் மாதம் 18-ஆம் தேதி முதலமைச்சர் ஒரு திட்டத்தைத் தொடங்கி வைத்தார். “இன்னுயிர் காப்போம் - நம்மைக் காக்கும் 48” என்பது அதன் பெயர். தமிழ்நாட்டு எல்லைக்குள் சாலை விபத்தில் அடிபட்டவர் எந்த ஊர்க்காரராயிருந்தாலும், எந்த நாட்டுக்காரராயிருந்தாலும், முதல் 48 மணி நேரச் சிகிச்சைக்குச் சர்க்காரே பொறுப்பு என்பது அதன் ஏற்பாடு. ரோட்டில் கிடக்கின்றவனைப் பார்த்து நீ என்ன ஜாதி, உன் மடியில் எவ்வளவு பணம் என்று கேட்காமல் தூக்கிக்கொண்டு போக வேண்டும் என்கின்ற இந்தத் திட்டத்தை நாம் மனமார வரவேற்கின்றோம். இதனால் பிழைத்தவர்கள் அநேகர்.

ஆனால் நாம் கேட்க விரும்புவது வேறொன்று. 49-வது மணி நேரத்தில் என்ன என்பதுதான் அது. கால் எலும்பு முறிந்தவன் சில மாதங்களில் எழுந்து நடப்பான். கை முறிந்தவனும் அப்படியே. முதுகெலும்புக்குள் ஓடும் தண்டுவடம் நசுங்கியவனுக்கோ 48 மணி நேரம் என்பது ஆரம்பம் என்று சொல்லிக் கொள்ளவும் போதாது. 20 வயதில் விழுந்தவன் இன்னும் 40, 50 வருஷம் வாழ வேண்டியவன். அறுந்த தண்டுவடத்தைத் திரும்ப வளரச் செய்யும் மருந்தோ கத்தியோ இன்றைய தேதி வரையில் உலகத்தில் எந்த வைத்தியரிடத்திலும் கிடையாது. ஆப்பரேஷன் என்பது முறிந்த எலும்பை நிமிர்த்தி நிறுத்தும், அவ்வளவே. அதற்குப் பிறகு அந்த மனிதன் மனிதனாக வாழ்வதா, கயிற்றுக் கட்டிலில் அழுகிச் சாவதா என்பது இரண்டு பேர் கையில் இருக்கின்றது. ஒருவர் உடலுக்குப் பயிற்சி கொடுக்கும் இயன்முறைச் சிகிச்சையாளர். மற்றவர் அந்த உடலைக் கொண்டு உண்ணவும் உடுக்கவும் உழைக்கவும் கற்றுக்கொடுக்கும் தொழில்வழிச் சிகிச்சையாளர். முன்னவரைக் கேள்விப்பட்டவர் சிலர் இருப்பர். பின்னவரின் பெயரையாவது கேள்விப்பட்டவர் நமது வாசகர்களில் எத்தனை பேர்?

இந்த ஜில்லாவில் விழுகின்றவர்கள் யார் என்று பாருங்கள். பனையிலும் தென்னையிலும் ஏறுகின்றவர்கள். மாடி மேல் மாடியாக எழும்பும் கட்டிடங்களில் சாரத்தின் மேல் நின்று பூசுகின்றவர்கள். கிழக்குக் கடற்கரைச் சாலையில் பின்னால் வந்த வண்டி மோதித் தூக்கியெறியப்படுகின்றவர்கள். ஆழமில்லாத தண்ணீரில் தலைகுப்புறப் பாய்கின்ற பிள்ளைகள். எல்லோரும் உழைத்துச் சாப்பிடுகின்ற வயதுக்காரர்கள். பெரும்பாலோர் தினக்கூலிக்காரர்கள். குடும்பத்தில் ஒருவன் விழுந்தால் அவனைப் பார்த்துக்கொள்ள இன்னொருவர் வேலையை விட வேண்டும். ஒரே நாளில் இரண்டு கூலி நின்று போகின்றது.

இந்த இடத்தில்தான் நமது நாட்டு வைதீகம் வந்து உட்கார்ந்துகொள்கின்றது. “தலைவிதி” என்கிறார்கள். முன்ஜென்ம பாவம் என்கிறார்கள். மரத்திலிருந்து விழுந்தவன் எந்த ஜென்மத்தில் என்ன பாவம் செய்தான் என்பது சொல்லுகின்றவனுக்கும் தெரியாது, கேட்கின்றவனுக்கும் தெரியாது. ஆனால் அவன் ஏறும்போது இடுப்பில் கட்டிக்கொள்ள ஒரு நல்ல பாதுகாப்புக் கச்சை இல்லை என்பது எல்லோருக்கும் தெரியும். தெரிந்த காரணத்தை விட்டுவிட்டுத் தெரியாத காரணத்தைப் பிடித்துக்கொள்வதற்குத்தான் நம்மவர்கள் பக்தி என்று பெயர் வைத்திருக்கின்றார்கள். பிறகு நேர்த்திக்கடன். காலில் உயிரில்லாதவனை, 500-க்கு மேற்பட்ட படிகளைக் கொண்ட திருக்கழுக்குன்றத்து மலைக்குத் தூக்கிக்கொண்டு போய் இறக்கினால் கால் வந்துவிடும் என்று நம்புகின்றவர்களிடம் நாம் என்ன பேசுவது! விதி என்று சொல்லுகின்ற பெரிய மனிதர்கள் தங்கள் பல் வலித்தால் விதி என்று இருப்பதில்லை என்பதை மட்டும் ஞாபகப்படுத்துகின்றோம்.

விதி என்பதில் உள்ள பெரிய கேடு அது பொய் என்பது மாத்திரமல்ல. அது செய்ய வேண்டிய காரியத்தைச் செய்யவொட்டாமல் தடுக்கின்றது. தண்டுவடம் கெட்டவனைக் கொல்லுவது தண்டுவடம் அல்ல; படுக்கைப்புண்ணும் மூத்திரப்பையில் பிடிக்கும் சீழும்தான். சுமார் 3600 வருஷங்களுக்கு முன் எழுதப்பட்ட எகிப்து நாட்டு வைத்தியச் சுவடி ஒன்று, கழுத்தெலும்பு பெயர்ந்து கைகால் உணர்வு போனவனைச் சிகிச்சைக்கு உரியவன் அல்ல என்று ஒதுக்கிவிட்டது. அதற்குப் பிறகு வந்த வைத்தியர்களும் ஏறக்குறைய அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தார்கள். 1914-ல் ஆரம்பித்த உலக மகாயுத்தத்தில் இப்படி அடிபட்ட சிப்பாய்களில் பெரும்பாலோர் சில வாரங்களிலோ சில மாதங்களிலோ செத்தார்கள். எல்லாம் ஒரே காரணந்தான், புண்ணும் சீழும்.

இதை மாற்றிக் காட்டியவர் லுட்விக் குட்மன் என்பவர். ஜெர்மனியில் பெயர் பெற்ற நரம்பு வைத்தியர். யூதராகப் பிறந்தார் என்கின்ற ஒரே குற்றத்துக்காக நாஜிகளால் வேலை பிடுங்கப்பட்டு 1939-ல் இங்கிலாந்துக்கு ஓடி வந்தவர். (பிறப்பைக் கொண்டு மனிதனைத் தள்ளி வைக்கும் தேசம் யாரை இழக்கின்றது என்பதற்கு நம் நாட்டார் இதையும் ஒரு பாடமாக எடுத்துக்கொள்ளலாம்.) அவர் 1944-ஆம் வருஷம் பிப்ரவரியில் ஸ்டோக் மாண்டவில் என்னும் ஊரில் தண்டுவட நோயாளிகளுக்கென்றே ஒரு பிரிவை ஏற்படுத்தினார். அங்கே அற்புதம் எதுவும் நடக்கவில்லை. இரவும் பகலும் 2 மணி நேரத்துக்கு ஒரு தரம் நோயாளியைப் புரட்டிப் படுக்க வைத்தார்கள். மூத்திரப்பையைச் சுத்தமான முறையில் காலி செய்தார்கள். கைகளுக்குப் பலம் ஏற்றினார்கள். மரவேலையும் கடிகார வேலையும் கற்றுக்கொடுத்தார்கள். சாகிறவர்கள் என்று கணக்கெழுதி வைத்திருந்தவர்கள் பிழைத்து வேலைக்குப் போனார்கள். 1948 ஜூலை 29-ஆம் தேதி, லண்டனில் ஒலிம்பிக் பந்தயம் தொடங்கிய அதே நாளில், சக்கர நாற்காலியில் உட்கார்ந்த 16 பேரை வில் வித்தைப் பந்தயத்துக்கு நிறுத்தினார். இன்று பாராலிம்பிக் என்று உலகமே பார்க்கின்றதே, அது அங்கே முளைத்ததுதான்.

இந்தக் காரியங்களை ஒவ்வொரு வீட்டிலும் தெரிந்துகொள்ள வேண்டுமாகையால் சற்று விரித்தே சொல்லுகின்றோம். உணர்ச்சியில்லாத தோலுக்கு வலி தெரியாது. நாம் நாற்காலியில் உட்கார்ந்திருக்கும்போது நம்மையறியாமலே அசைந்து அசைந்து கொடுக்கின்றோம். அவருக்கு அந்த அறிவிப்பு வருவதில்லை. ஆகையால் படுத்திருந்தால் 2 மணிக்கொரு தரம் புரட்டல், உட்கார்ந்திருந்தால் கால் மணி அரை மணிக்கொரு தரம் கைகளை ஊன்றி இடுப்பைத் தூக்கிக் கொடுத்தல். இதைத் தவறவிட்டால் எலும்பு தெரியும் அளவுக்குப் புண் வரும். ஆறுவதற்கு மாதக்கணக்காகும். இதே காரணத்தால்தான், பாசமுள்ள தாய்மார்கள் மரத்துப்போன காலுக்குக் கொதிக்கக் கொதிக்க ஒத்தடம் கொடுப்பது கூடாது என்கின்றோம். கால் வெந்து போகும், பிள்ளை சிரித்துக்கொண்டிருப்பான்.

அடுத்தது மூத்திரம். இதைப் பேசக் கூச்சப்பட்டே நம்மவர்கள் சாகிறார்கள். 4 மணி முதல் 6 மணி நேரத்துக்கு ஒரு முறை மெல்லிய குழாயைச் செலுத்தித் தாமாகவே காலி செய்துகொள்ளப் பழகினால் சிறுநீரகம் கெடாமல் நெடுங்காலம் வாழலாம். மார்புக்கு மேலே தண்டுவடம் கெட்டவர்களுக்கு மூத்திரப்பை நிரம்பியதால் மட்டுமே ரத்த அழுத்தம் ஏறி, தலை வெடிப்பது போல் வலித்து, முகம் வியர்த்து, உயிருக்கே ஆபத்து வருவதுண்டு. உடனே நிமிர்த்தி உட்கார வைத்து, குழாய் அடைத்திருக்கின்றதா என்று பார்க்க வேண்டும். அந்த நேரத்தில் விபூதி தேடக்கூடாது. கூச்சம் என்பவர்களுக்கு ஒன்று சொல்லுகின்றோம்: பெரியார் தமது கடைசிக் காலத்தில் மூத்திரக் குழாயோடும் அதன் பாத்திரத்தோடும்தான் ஊர் ஊராகப் போய்ப் பேசினார். 1973 டிசம்பர் 19-ல் சென்னை தியாகராய நகரில் பேசிய கடைசிக் கூட்டமும் அப்படித்தான். பார்த்த ஜனங்களுக்கு அது கேவலமாகப் படவில்லை.

நிற்க, இந்த விஷயத்தில் செங்கற்பட்டுக்கு ஒரு பழைய உரிமை உண்டு. ஊரை அடுத்த திருமணியில் 1924-ல் ஏற்பட்ட லேடி வில்லிங்டன் குஷ்டரோக நிலையத்தை வாசகர்கள் அறிவார்கள். 1955-ல் அதை மத்திய சர்க்கார் ஏற்று ஆராய்ச்சி நிலையமாக்கிற்று. 1947-ல் அங்கே தலைவராயிருந்த டாக்டர் ராபர்ட் காக்ரேனைப் பார்க்க வேலூரிலிருந்து பால் பிராண்ட் என்கின்ற ஆங்கிலேய ரணவைத்தியர் வந்தார். விரல்கள் மடங்கிப்போன ஒரு நோயாளியிடம் தன் கையைக் கொடுத்து அழுத்திப் பிடிக்கச் சொன்னார். செத்துப்போன கை என்று நினைத்தவருக்கு வலி தாங்க முடியாத அளவு பிடி இறுகிற்று. சில தசைகள் செத்திருக்கின்றன, சில நல்ல பலத்தோடு இருக்கின்றன என்பது அந்த ஒரு பிடியில் தெரிந்து போயிற்று. பலமுள்ள தசையின் நாணை எடுத்துப் பலமற்ற இடத்தில் இணைத்தார். இணைத்த பிறகு, அந்தக் கைக்குப் புது வேலையைக் கற்றுக்கொடுக்க மாதக்கணக்கில் பயிற்சி கொடுத்தார்கள். பிராண்ட் நல்ல கிறிஸ்தவர், ஜெபம் செய்கிறவர். அதைப் பற்றி நமக்கு ஆட்சேபணை இல்லை. ஆனால் விரல் நிமிர்ந்தது நாணை மாற்றியதாலும் பயிற்சியாலும்தான் என்பதை அவரே மறுத்திருக்க மாட்டார். குஷ்டமும் பாவத்தின் சம்பளம் என்றுதானே இங்கே சொல்லிக்கொண்டிருந்தார்கள்!

கையில் மிச்சமிருப்பது என்ன என்று தேடுவதே இந்த வித்தையின் சாரம். கழுத்தில் அடிபட்டு விரல்கள் அசையாமல், மணிக்கட்டை மட்டும் மேலே தூக்க முடிகின்றவர்கள் உண்டு. வாசகர்கள் தங்கள் கையிலேயே இதைச் சோதித்துப் பார்க்கலாம்: விரல்களைத் தளர விட்டு மணிக்கட்டைப் பின்னால் வளையுங்கள்; விரல்கள் தாமாகவே உள்ளே மடங்கும், கட்டைவிரல் சுட்டுவிரலை நாடும். தெரிந்த சிகிச்சையாளர் இந்தச் சிறு அசைவை வளர்த்து, அதைக் கொண்டே தம்ளரைப் பிடிக்கவும் பேனாவைப் பிடிக்கவும் செய்துவிடுவார். தெரியாதவர்களோ, எண்ணெய் போட்டு உருவி, மணிக்கட்டோடு சேர்த்து விரல்களை நாள்தோறும் நீட்டி நீட்டி, அந்த நாண்களைத் தளர்த்தி, இருந்த பிடியையும் போக்கிவிடுவார்கள். அன்புக்குக் குறைவில்லை, அறிவு போதவில்லை. நரம்பு இழுத்து விடுகின்றேன் என்று பணம் பறிக்கும் ஆசாமிகளைப் பற்றியோ பேச வேண்டியதே இல்லை.

தொழில் என்கின்ற சொல்லையே யோசித்துப் பாருங்கள். வருணாசிரமக்காரன் அகராதியில் தொழில் என்றால் பிறக்கும்போதே தலையில் கட்டிவிட்டது. செருப்புத் தைப்பவன் மகன் செருப்புத் தைக்க வேண்டும். தொழில்வழிச் சிகிச்சையாளர் முதன்முதலில் கேட்கின்ற கேள்வியோ, “நீங்கள் என்ன செய்ய விரும்புகின்றீர்கள்?” என்பது. ஒருவர் தாமே சோறு பிசைந்து சாப்பிட வேண்டும் என்பார். ஒருவர் கடைக் கணக்கு எழுத வேண்டும் என்பார். மாமல்லபுரத்துச் சிற்பி ஒருவர் உளி பிடிக்க வேண்டும் என்பார். தரையில் குந்தி வேலை செய்தவருக்கு நாற்காலி உயரத்தில் கல்லை ஏற்றி வைக்கத் திட்டம் போட வேண்டும். விருப்பத்தைக் கேட்டு, உடலை அளந்து, கருவியையும் வீட்டையும் அதற்குத் தக்கபடி மாற்றுவது என்கின்ற இந்தப் படிப்பை நம் நாட்டில் 1950-ல் பம்பாயில் ஆரம்பித்து வைத்தவர் கமலா நிம்ப்கர் என்னும் அம்மையார்.

இதெல்லாம் வெள்ளைக்காரன் தேசத்துக்குச் சரி, இங்கே நடக்குமா என்பவர்களுக்கு வேலூரைக் காட்டுகின்றோம். டாக்டர் மேரி வர்கீஸ் என்பவர் 1954-ல் மோட்டார் விபத்தில் தண்டுவடம் கெட்டு இரண்டு கால்களையும் இழந்தார். வைத்தியம் படித்த இளம் பெண்ணுக்கு வந்த கதி இது. அவரைச் சக்கர நாற்காலியில் உட்கார்ந்தபடியே ரணசிகிச்சை செய்யத் தூண்டியவர் மேலே சொன்ன பால் பிராண்ட்தான். குஷ்டரோகிகளின் கைகளுக்கு அவர் உட்கார்ந்தபடியே ஆப்பரேஷன் செய்தார். ஆஸ்திரேலியாவில் போய்த் தாமே இயங்கப் பயிற்சி பெற்றார், நியூயார்க்கில் அந்த வித்தையையே படித்தார், திரும்பி வந்து வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியில் அந்தப் பிரிவுக்குத் தலைமை தாங்கினார். 1966-ல் நோயாளிகள் தங்கியிருந்து பயிற்சி பெறும் நிலையம் அங்கே ஏற்பட்டது. ஆய்க்குடிக்குப் போனால் இன்னொரு சாட்சி கிடைக்கும். 1975-ல் கடற்படைத் தேர்வில் விழுந்து கழுத்துக்குக் கீழே செயலற்றுப்போன எஸ். இராமகிருஷ்ணன், 1981-ல் தமது கிராமத்தில் அமர் சேவா சங்கத்தை ஆரம்பித்தார். 2020-ல் அவருக்குப் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். நமக்குப் பட்டம் பெரிதல்ல. கழுத்துக்குக் கீழே ஒன்றும் அசையாதவர் ஒரு ஸ்தாபனத்தையே நடத்தினார் என்பதுதான் பெரிது.

பெண்கள் சங்கதி தனி. கணவன் விழுந்தால் மனைவி தாலி பாக்கியம் என்று சொல்லிக்கொண்டு வருஷக்கணக்கில் புரட்டிப் போடுகின்றாள். மனைவி விழுந்தால் அவளைத் தாய் வீட்டில் கொண்டு போய் விட்டுவிட்டு வேறு பெண் பார்க்கப் புறப்படுகின்றவர்கள் உண்டா இல்லையா என்று வாசகர்களே நெஞ்சைத் தொட்டுச் சொல்லட்டும். தமிழ்நாட்டு இளம்பெண் கிரிக்கெட் அணிக்குத் தலைவியாயிருந்த ப்ரீத்தி ஸ்ரீநிவாசன் 1998-ல் புதுச்சேரிக் கடலில் இடறி விழுந்து கழுத்துக்குக் கீழே செயலிழந்தார். பெற்றோர் கைவிடாததால் அவர் நின்றார். 2013-ல் சோல்ஃப்ரீ என்னும் ஸ்தாபனத்தைத் திருவண்ணாமலையில் ஏற்படுத்தித் தம்மைப் போன்றவர்களுக்கு உழைக்கின்றார். எல்லோருக்கும் அப்படிப்பட்ட பெற்றோர் வாய்க்க முடியுமா? பெண்ணுக்கும் ஆணைப் போலவே சொத்துரிமை வேண்டும் என்று 1929 பிப்ரவரியில் இதே செங்கற்பட்டில் கூடிய முதலாவது சுயமரியாதை மாகாண மாநாடு தீர்மானித்தது. 1989-ல்தான் அது தமிழ்நாட்டில் சட்டமாயிற்று. தன் பெயரில் சொத்துள்ள பெண்ணை அவ்வளவு சுலபமாகத் திண்ணையில் போட முடியாது. சட்டம் வந்தும் மகள் பெயரில் எழுதாத தகப்பன்மார்களுக்கு இதைச் சொல்லுகின்றோம்.

இனிச் சக்கர நாற்காலி. தலைவர்களின் பிறந்த நாளுக்குச் சக்கர நாற்காலி கொடுத்துப் படம் எடுத்துக்கொள்ளாத கட்சி நம் நாட்டில் இல்லை. ஒரே அளவு, ஒரே அச்சு. செருப்பு வாங்கப் போனால் காலை அளக்கின்றோம்; பகல் முழுதும் உட்காரப் போகும் நாற்காலிக்கு இடுப்பை யார் அளந்தார்கள்? அழுத்தத்தைப் பிரித்துக் கொடுக்கும் மெத்தை இல்லாமல் வெறும் துணியில் உட்கார வைத்தால் அந்தத் தர்மமே புண்ணாகும். அளந்து, மெத்தையோடு கொடுத்து, கட்டிலிலிருந்து அதற்கு மாறப் பழக்குவதும் சேர்ந்தால்தான் அது உதவி.

நாற்காலி கிடைத்தாலும் போக வழி வேண்டுமே. சென்னை மெரினாவில் 2022 நவம்பரில், நாற்காலியில் இருப்பவர்கள் அலையருகே போக மரப்பாதை போட்டார்கள். முதன்முதலாகக் கடலைக் கிட்டத்தில் கண்டவர்கள் இருந்தார்கள். இரண்டு வாரங்களுக்குள், டிசம்பர் 9-ஆம் தேதி இரவு மாமல்லபுரத்தருகே கரையேறிய மாண்டஸ் புயல் அதைச் சேதப்படுத்திற்று, பிறகு செப்பனிட்டார்கள். புயலுக்குப் பாதை போயிற்று என்பதற்காகப் பாதையே வேண்டாம் என்று சர்க்கார் சொல்லாததை மெச்சுகின்றோம். ஆனால் மாமல்லபுரத்து ஐந்து ரதங்களைச் சுற்றி மணல். மணலில் சக்கரம் புதையும். உலகத்தார் வந்து பார்க்கும் கல்லை உள்ளூரில் முதுகு ஒடிந்தவன் பார்க்கக் கூடாதா? அதே கடற்கரையில் முட்டுக்காட்டில் 2005-ல் ஏற்பட்ட, பல்வகைக் குறைபாடுடையோருக்கான தேசிய நிறுவனம் இருக்கின்றது. அறிந்தவர்கள் இவ்வளவு அருகில் இருந்தும் 20 மைலுக்குள் இருக்கும் கிராமத்தில் 2 மணிக்கொரு தரம் புரட்டிப் போட வேண்டும் என்பது தெரியாமல் இருப்பது யார் குற்றம்?

நாம் கேட்பது பெரிய காரியம் அல்ல. முதலாவதாக, விழுந்தவனை இரண்டாக மடித்து ஆட்டோவில் திணிக்காமல், தலை, கழுத்து, இடுப்பு ஒரே கட்டையாக அசையும்படி நாலு பேர் சேர்ந்து பலகைக்கு மாற்றி 108 வண்டியை அழைக்க வேண்டும் என்பதைப் பள்ளிக்கூடங்களிலும், கட்டிட வேலைக்காரர்களிடத்தும், மரமேறிகளிடத்தும் செய்து காட்ட வேண்டும். இரண்டாவது, ஆஸ்பத்திரியை விட்டு அனுப்புவதற்கு முன் நோயாளியும் வீட்டார் ஒருவரும் புரட்டுதல், குழாய் செலுத்துதல், கட்டில் மாறுதல் மூன்றையும் தம் கையால் செய்து காட்டித் தேறியிருக்க வேண்டும். தேறாமல் கையெழுத்துப் போட்டு அனுப்புவது, நீந்தத் தெரியாதவனை நடுக்கடலில் இறக்கிவிடுவது போன்றது. சுத்தமான குழாயும் நாற்காலி மெத்தையும், சர்க்கரை மாத்திரையைப் போலவே, மாதந்தோறும் இலவசமாகக் கிடைக்க வேண்டும். 2021 ஆகஸ்டில் தொடங்கிய “மக்களைத் தேடி மருத்துவம்” திட்டத்தில் வீட்டுக்கே வந்து இயன்முறைப் பயிற்சி கொடுப்பது சேர்ந்திருக்கின்றது. மிகவும் நல்லது. அதனோடு தொழில்வழிச் சிகிச்சையாளரையும் சேர்க்க வேண்டும். காலுக்குப் பயிற்சி கொடுத்துவிட்டுப் போகின்றவருக்குப் பின்னால், அந்த வீட்டு வாசற்படியைச் சரிவாக்கவும் அடுப்பை உயரத்தில் வைக்கவும் கக்கூசில் பிடிக்கம்பி பொருத்தவும் ஒருவர் வர வேண்டாமா?

கடைசியாக, மதுராந்தகம், செய்யூர், திருக்கழுக்குன்றம், திருப்போரூர் ஆகிய ஒவ்வொரு தாலுகாவிலும் சர்க்கார் ஆஸ்பத்திரியில் இதற்கென்று ஒரு அறை வேண்டும். கூலி வேலைக்காரன் குடும்பம் வாரம் இரண்டு தரம் வேலூருக்கும் சென்னைக்கும் போய்வர முடியாது. அந்த அறைக்கு வேண்டிய சாமான்கள்: ஒரு அகன்ற பாய் மேடை, பிடித்து நிற்க இரண்டு இணைக்கம்பிகள், ஒரு சாய்வுப் பலகை, அளவு பார்க்க இரண்டு மூன்று நாற்காலிகள், ஒரு மேஜை, கொஞ்சம் தச்சுக் கருவிகள். இவற்றோடு இரண்டு பேருக்கு மாதச் சம்பளம். மேல்மருவத்தூரில் தொடங்கிய திட்டத்தின் அடுத்த வரவுசெலவுக் கணக்கில் இதற்கு ஒரு வரி சேர்க்கப்படுகின்றதா என்று பார்த்துக்கொண்டிருக்கின்றோம்.